உடலில் மயிர் குறைவாக இருப்பதன் காரணத்தை நீங்களே கண்டறிவது எப்படி?

நல்லூர்க் கந்தசுவாமி கோயிலுக்குள் ஆண்கள் மேற்சட்டையைக் கழற்றிவிட்டே செல்ல வேண்டும் என்பதால், 25 நாள் திருவிழாக் காலத்தில் அங்கே போய் வருபவர்களின் கண்ணில் ஒரு விடயம் தப்பாமல் பட்டிருக்கும். நெஞ்சும் முதுகும் கம்பளி போர்த்தது போல மயிர் அடர்ந்த ஒருவருக்குப் பக்கத்தில், அதே வயதும் அதே உடல்வாகும் கொண்ட இன்னொருவர் மொழுமொழுவென்ற மார்போடு நின்று கும்பிட்டுக்கொண்டிருப்பார். இருவரும் ஒரே ஊரவராக இருக்கலாம். சிலவேளை ஒரு தாய் வயிற்றுப் பிள்ளைகளாகவே இருக்கலாம்.

உயர்தர வகுப்பில் உயிரியல் கற்பித்த காலத்தில், பாடம் முடிந்த பிறகு கரும்பலகையைத் துடைப்பது போலப் பாவனை செய்துகொண்டு தங்கி நின்று, “சேர், எனக்கு மட்டும் ஏன் தாடி வரவில்லை?” என்று குரலைத் தாழ்த்திக் கேட்ட பையன்கள் பலர். பெண் பிள்ளைகள் அநேகமாகக் கேட்பதில்லை. மயிர் குறைவாக இருப்பதை அவர்கள் அதிர்ஷ்டமாகவே எடுத்துக்கொள்கிறார்கள், அவர்களுடைய தாய்மார்தான் கவலைப்பட்டுக் கேட்பார்கள். அவர்களுக்குச் சொன்ன பதிலையே, ஒருவர் தம் வீட்டில் இருந்தபடி படிப்படியாகப் பார்த்துக்கொள்ளக்கூடிய வகையில் இங்கே எழுதுகிறேன். எங்கள் பாடநூல்களில் உள்ளபடி “மயிர்” என்ற சொல்லையே பாவிக்கிறேன்; அதைக் கேட்டு முகம் சுளிப்பவர்கள் “ரோமம்” என்று வாசித்துக்கொள்ளலாம்.

முதலில் வெளிச்சத்தில் பாருங்கள்

இரவில் அறை விளக்கை அணைத்துவிட்டு, கைத்தொலைபேசியின் டோர்ச்சை எரியவிட்டு, அதனை முன்கைத் தோலுக்குப் பக்கவாட்டில், ஏறக்குறையத் தோலோடு ஒட்டியபடி பிடியுங்கள். மேலிருந்து பார்க்கும்போது வெறுமையாகத் தெரிந்த இடமெல்லாம், பனங்கிழங்கின் நாரைவிட மெல்லிய, நிறமற்ற, இரண்டு மில்லிமீற்றர்கூட நீளமில்லாத மயிர்கள் வரிசையாகச் சாய்ந்து கிடப்பதைக் காண்பீர்கள். இவைதான் நாங்கள் பூனைமயிர் என்று சொல்பவை. நெஞ்சிலும் தாடையிலும் இதே விதமாகப் பார்த்தால் அங்கேயும் அவை இருக்கும். உள்ளங்கை, உள்ளங்கால், உதடு போன்ற ஒருசில இடங்களைத் தவிர மனித உடலில் மயிரே இல்லாத தோல் கிடையாது.

இந்தச் சோதனையை முதலில் வைத்ததற்குக் காரணம் உண்டு. மயிர் குறைந்தவருக்கு மயிர் முளைக்கும் இடங்களே குறைவு என்று பெரும்பாலானோர் நினைக்கிறார்கள். அது பிழை. ஒரு மனிதனின் உடலில் ஏறக்குறைய 50 இலட்சம் மயிர்ப்புடைப்புகள், அதாவது தோலுக்குள் மயிர் முளைக்கும் நுண்ணிய குழிகள், இருக்கின்றன. அவற்றில் ஒரு இலட்சம் அளவில்தான் தலையில் உள்ளன. அவை எல்லாம் தாயின் வயிற்றில் இருக்கும்போதே உருவாகி முடிந்துவிடுகின்றன, பிறந்த பின்னர் புதிதாக உண்டாவதில்லை. ஆணுக்கும் பெண்ணுக்கும் இந்த எண்ணிக்கையில் பெரிய வேறுபாடு இல்லை. ஆகவே கோயில் வீதியில் நின்ற அந்த இருவரின் மார்பிலும் புடைப்புகள் ஏறக்குறைய ஒரே அளவிலேயே இருக்கும். ஒருவரில் அவை தடித்த, கறுத்த, நீண்ட முதிர்மயிரைத் தருகின்றன, மற்றவரில் பூனைமயிரோடு நின்றுவிட்டன. எனவே உங்களில் அந்த மாற்றம் எங்கே நடந்தது, எங்கே நடக்கவில்லை என்பதைத்தான் அடுத்துப் பார்க்க வேண்டும்.

பக்கவாட்டு வெளிச்சத்திலும் ஒரு திட்டில் மட்டும் எதுவுமே தெரியாமல், பளிங்கு போல இருக்கிறது என்றால் அது வேறு விடயம். அதைப் பின்னர் சொல்கிறேன்.

அக்குளையும் நெஞ்சையும் ஒப்பிடுங்கள்

இந்த வழிகாட்டியில் ஒரே ஒரு படியை மட்டும் செய்ய நேரம் இருக்கிறதென்றால், இதைச் செய்யுங்கள்.

பூனைமயிரை முதிர்மயிராக மாற்றுபவை அந்திரோசன்கள் எனப்படும் ஓமோன்கள். ஆண்களில் விதைகளும், பெண்களில் சூலகங்களும், இருபாலாரிலும் சிறுநீரகத்தின் மேல் தொப்பி போல அமர்ந்திருக்கும் அதிரீனற் சுரப்பிகளும் இவற்றைச் சுரக்கின்றன. ஆனால் உடலின் எல்லாப் பகுதியும் இவற்றுக்கு ஒரே விதமாகச் செவிசாய்ப்பதில்லை. அக்குள் மயிரும் மறைவிட மயிரும் மிகச் சிறிதளவு அந்திரோசனுக்கே வளர்ந்துவிடும். அதனால்தான் அவை பெண்களிலும் வளர்கின்றன. தாடிக்கும் நெஞ்சு மயிருக்கும் அது போதாது. அங்கே தெஸ்தொஸ்தரோன் என்ற ஓமோன், தோலில் உள்ள ஒரு நொதியத்தினால் டைஐதரோதெஸ்தொஸ்தரோன் என்ற இன்னும் வீரியமான வடிவத்துக்கு மாற்றப்பட வேண்டும். கரிபியன் கடலில் உள்ள டொமினிக்கன் குடியரசில் அந்த நொதியம் பிறப்பிலேயே குறைந்திருந்த சில குடும்பங்களைப் பற்றி 1974 ஆம் ஆண்டில் வெளியான ஆய்வு இதனைத் தெளிவாகக் காட்டியது: அந்த ஆண்களுக்குத் தெஸ்தொஸ்தரோன் இருந்தது, குரல் உடைந்தது, தசை வளர்ந்தது, தாடியும் உடல் மயிரும் மட்டும் சொற்பமாகவே இருந்தன.

எங்கள் தோட்டங்களை நினைத்துப் பார்த்தால் இது இலகுவாக விளங்கும். ஒரே கிணற்றிலிருந்து வாய்க்காலில் தண்ணீர் ஓடுகிறது. ஆனால் எந்தப் பாத்திக்கு எவ்வளவு போகும் என்பதைத் தீர்மானிப்பது கிணற்றின் ஆழம் அல்ல, மடை எவ்வளவு திறந்திருக்கிறது என்பதே. ஓமோன் கிணற்றுத் தண்ணீர் என்றால், புடைப்பின் கலங்களில் இருந்து அந்திரோசனைப் பிடித்து ஏற்றுக்கொள்ளும் “அந்திரோசன் வாங்கி” என்ற புரதம்தான் மடை. கிணறு நிறைந்திருந்தும் நெஞ்சுப் பாத்தியின் மடை ஒடுங்கியிருந்தால் அங்கே பயிர் அடர்த்தியாக வராது. உடல் மயிர் குறைந்த ஆரோக்கியமான ஆண்களில் இரத்தத்தில் தெஸ்தொஸ்தரோன் அளவு பெரும்பாலும் சாதாரணமாகவே இருப்பதற்கு இதுதான் காரணம்.

ஆகவே அக்குளிலும் மறைவிடத்திலும் மயிர் நன்றாக இருந்து, குரலும் உடலும் வயதுக்கேற்ப வளர்ந்து, நெஞ்சிலும் தாடையிலும் மட்டும் குறைவாக இருந்தால், கிணற்றில் தண்ணீர் இருக்கிறது, மடைதான் ஒடுக்கம். அது நோய் அன்று. மாறாக, பூப்பு (ஆணோ பெண்ணோ பருவமடைதல்) முடிந்த வயதிலும் அக்குள், மறைவிடம், முகம் எல்லாவற்றிலும் சேர்ந்தே மயிர் இல்லை என்றால், கிணற்றையே பார்க்க வேண்டியிருக்கிறது.

நெஞ்சு மயிரை ஆண்மையின் அளவுகோலாகப் பேசுபவர்களுக்கு இன்னொன்று. தாடியை வளர்க்கும் அதே ஓமோன்தான், வழுக்கைக்கான பரம்பரை உள்ளவரின் உச்சந்தலையில் தடித்த மயிரைப் பூனைமயிராகத் தேய்க்கிறது. பூப்புக்கு முன்னரே விதை இழந்த ஆண்களுக்கு வழுக்கை விழுவதில்லை என்பதை ஜேம்ஸ் ஹமில்டன் என்ற ஆய்வாளர் 1942 இல் எழுதினார். அதாவது அளவைப் போலவே இடமும் முக்கியம்; நெஞ்சில் அடர்ந்திருப்பவர் தலையில் இழப்பதும், நெஞ்சு மொழுமொழுவென்றிருப்பவர் 60 வயதிலும் தலை நிறைய மயிரோடு சலூன் கதிரையில் அமர்வதும் நாங்கள் அன்றாடம் காண்பவைதான்.

பழைய படங்களை எடுத்து வையுங்கள்

மடையின் அளவைத் தீர்மானிப்பது பெரும்பாலும் பரம்பரை. அந்திரோசன் வாங்கிக்குரிய பரம்பரையலகு, பரம்பரையலகுகளைத் தாங்கும் இழைகளான நிறமூர்த்தங்களில் எக்ஸ் எனப்படுவதில் இருக்கிறது. ஆண் பிள்ளைக்கு எக்ஸ் நிறமூர்த்தம் தாயிடமிருந்து மட்டுமே கிடைக்கிறது. எனவே தகப்பனாரை மட்டும் பார்த்து “அவருக்கு இவ்வளவு தாடி, எனக்கு ஏன் இல்லை” என்று கேட்பது அரைக் கணக்கு. தாய்மாமனையும் அம்மாவின் தகப்பனாரையும் கட்டாயம் பாருங்கள். கலியாண அல்பங்கள் இதற்கு உதவ மாட்டா, அவற்றில் எல்லோரும் முழுக்கச் சட்டையும் மழித்த முகமுமாக இருப்பார்கள். கீரிமலைக் கேணியில் குளித்தபோது எடுத்தது, வேட்டியும் சால்வையுமாகக் கோயில் வீதியில் நின்றது, தோட்டத்தில் இறைப்புக்கு நின்றது போன்ற படங்களைத் தேடி எடுத்து, இரு பக்கத்து ஆண்களையும் நிரற்படுத்திப் பாருங்கள். என்னுடைய நெஞ்சு எங்கிருந்து வந்தது என்பது எனக்குத் தெரியவந்ததும், மாமா ஒருவர் மாட்டுவண்டிலில் வெறும் மேலோடு இருக்கும் ஒரு மங்கிய படத்தைப் பார்த்துத்தான்.

எனினும் தாய்வழியே முழுக் காரணம் என்று முடிவு செய்துவிட வேண்டாம். உடல் மயிரில் பல பரம்பரையலகுகள் பங்குகொள்கின்றன. அவற்றில் நன்கு ஆராயப்பட்ட ஒன்று ஈடார் (EDAR) எனப்படுவது. அதன் ஒரு வகை சீனர், ஜப்பானியர், கொரியர் போன்ற கிழக்காசிய மக்களில் மிகப் பரவலாக உள்ளது. ஏறக்குறைய 30,000 ஆண்டுகளுக்கு முன்னர் சீனப் பகுதியில் தோன்றியிருக்கலாம் என 2013 இல் வெளியான ஆய்வொன்று கணித்த அந்த வகை, தலைமயிரைத் தடிப்பாக்குகிறது, வியர்வைச் சுரப்பிகளைக் கூட்டுகிறது. இலத்தீன் அமெரிக்க மக்கள் 6000 இற்கும் மேற்பட்டோரை வைத்து 2016 இல் வெளியிடப்பட்ட ஆய்வு, அதே பரம்பரையலகு தாடியின் அடர்த்தியோடும் தொடர்புடையது எனக் கண்டது. தலையில் தடித்த மயிரும் முகத்தில் சொற்ப மயிரும் ஒருவரிலேயே சேர்ந்திருப்பதில் முரண் எதுவும் இல்லை என்பதற்கு இது நல்ல எடுத்துக்காட்டு. தென்னாசியாவில் அந்த வகை அரிது; எங்களில் காணப்படும் வேறுபாட்டுக்கு வேறு பரம்பரையலகுகளே பெரும்பாலும் பொறுப்பு.

வயதைக் கணக்கில் எடுங்கள்

ஆண் பிள்ளைகளில் பூப்பு சாதாரணமாக 9 இற்கும் 14 இற்கும் இடைப்பட்ட வயதில் தொடங்குகிறது. முதலில் விதைகள் பருக்கின்றன, பிறகு மறைவிட மயிர், அதன் பின்னரே அக்குளும் முகமும். முகத்திலும் ஓர் ஒழுங்கு உண்டு: மேலுதட்டின் இரு ஓரங்களில் அரும்பு கட்டி, அது மேலுதடு முழுவதும் பரவி, கன்னத்தின் மேற்பகுதிக்குச் சென்று, கடைசியாகத்தான் நாடிக்கு வருகிறது. நெஞ்சு மயிர் அதற்கும் பிந்தியது. இருபதுகளின் இறுதிவரை, சிலரில் முப்பதைத் தாண்டியும் அது கூடிக்கொண்டே போகும். ஆகவே உயர்தரப் பரீட்சை எழுதும் 18 வயதுப் பையன் தன் நெஞ்சைப் பார்த்துத் தீர்ப்புச் சொல்வது, பூ விழுந்த மாமரத்தின் கீழே நின்று பழம் எங்கே என்று கேட்பதற்கு ஒப்பானது.

அந்தப் பையன்களில் ஒருவன் தாடி வர வேண்டும் என்று ஆறு மாதம் நாள்தோறும் இருவேளை வெறும் கன்னத்தில் சவர அலகை இழுத்துக்கொண்டிருந்தான். கன்னம் முழுவதும் சொரசொரப்பும் சிறு பருக்களும்; தாடி மட்டும் இல்லை. மழித்தால் மயிர் தடிக்கும் என்ற நம்பிக்கையை மில்ட்றெட் ட்றொட்டர் என்ற உடலமைப்பியலாளர் 1928 இலேயே அளந்து பார்த்து, அப்படியொன்றும் இல்லை என்று எழுதிவிட்டார். அலகு தோலுக்கு மேலே உள்ள இறந்த பகுதியை வெட்டுகிறது, கீழே இருக்கும் புடைப்புக்கு அது தெரியவே தெரியாது. இயல்பான மயிரின் நுனி கூராகச் சிறுத்திருக்கும். வெட்டிய மயிர் மொட்டையாக முளைப்பதால் தடவும்போது தடித்தது போன்ற உணர்வு வருகிறது, அவ்வளவே. மஞ்சள் பூசிக் குளித்ததனால்தான் பாட்டிமாருக்குக் கைகால் மயிர் இல்லை என்பதும் இதே வகை. மஞ்சள் புடைப்பை மாற்றுவதில்லை. மஞ்சளுக்குக் கிடைக்கும் புகழில் பெரும்பங்கு பரம்பரைக்கே உரியது.

குறைவா, குறைந்து வருகிறதா?

இதுவரை சொன்னவை எல்லாம் எப்போதுமே மயிர் குறைவாக இருப்பவர்களுக்கு உரியவை. முன்பு இருந்த மயிர் இப்போது இல்லை என்றால் கதை வேறு. அதற்கு ஒரு காரணம் இருக்கும், அதைத் தேட வேண்டும். அந்தக் காரணம் எல்லா நேரமும் நோயாகவும் இருப்பதில்லை. நாற்பதைக் கடந்த ஆண்கள் பலரில் கெண்டைக்காலின் முன்பக்கமும் வெளிப்பக்கமும் இரு காலிலும் ஒரே விதமாக மயிர் உதிர்ந்து வழுவழுப்பாகும். இறுகிய நீளக் காற்சட்டையும் காலுறையும் உராய்வதும் இதனைக் கூட்டும். இது தீங்கற்றது. மாதவிடாய் நின்ற பெண்களில் அக்குள் மயிரும் கால் மயிரும் ஐதாவதும் வயதின் இயல்பே.

ஆனால் நீரிழிவு உள்ளவரின் பாதத்திலும் விரல்களிலும் மயிர் போய், தோல் மெலிந்து பளபளத்து, ஒரு கால் மற்றக் காலைவிடக் குளிர்ந்திருந்து, கொஞ்சத் தூரம் நடந்ததும் கெண்டை இழுத்துப் பிடிக்கிறது என்றால், காலுக்குப் போகும் நாடிகள் ஒடுங்கியிருக்கக்கூடும். எங்கள் பக்கத்தில் நீரிழிவு இல்லாத வீடு குறைவு என்பதனால் இதை அழுத்திச் சொல்கிறேன். வீட்டில் பெரியவர்களின் காலைக் கழுவும்போது புறங்கையால் இரு பாதங்களையும் தொட்டுச் சூட்டை ஒப்பிட்டுப் பாருங்கள்.

பிள்ளைப்பேற்றின்போது அதிகமாக இரத்தம் போய், அதன் பிறகு பால் சுரக்காமல், மாதவிடாய் திரும்பாமல், நாளாக ஆக அக்குள் மயிரும் மறைவிட மயிரும் உதிர்ந்து, எந்நேரமும் சோர்வாக இருக்கும் பெண்ணுக்கு, மூளையின் அடியில் உள்ள கபச்சுரப்பி அந்த இரத்தப்போக்கினால் பாதிக்கப்பட்டிருக்கலாம். “பிள்ளை பெற்ற உடம்பு, அப்படித்தான் இருக்கும்” என்று வீட்டார் ஆண்டுக்கணக்கில் விட்டுவிடுகிறார்கள். குருதிப் பரிசோதனையில் கண்டுபிடித்து, குறையும் ஓமோன்களை மாத்திரையாகக் கொடுக்கக்கூடிய நோய் இது. அக்குள் மயிர் போவதோடு தோல் கறுத்து, நிறை குறைந்து, எழும்பும்போது தலை சுற்றினால் அதிரீனற் சுரப்பியையும், புருவத்தின் வெளி ஓரம் உதிர்ந்து, உடல் பெருத்து, குளிர் தாங்காமல் போனால் தைரொயிட் சுரப்பியையும் சந்தேகிக்க வேண்டும். நாட்பட்ட ஈரல் நோயும் ஆண்களில் நெஞ்சு மயிரையும் அக்குள் மயிரையும் குறைக்கும். குடிப்பழக்கம் உள்ளவர் இதை வைத்தியரிடம் மறைக்காமல் சொல்ல வேண்டும்.

முன்னர் குறிப்பிட்ட பளிங்கு போன்ற திட்டுக்கு வருவோம். கண்ணை மூடிக்கொண்டு, இன்னொருவரைப் பஞ்சுத் திரியொன்றால் அந்தத் திட்டையும் பக்கத்துத் தோலையும் மாறிமாறித் தொடச் சொல்லுங்கள். தொடுகை இரண்டிலும் ஒரே விதமாகத் தெரிந்து, தோலின் நிறமும் மாறாமல் இருந்தால், அது பெரும்பாலும் புழுவெட்டு. திட்டு வெளிறியோ சிவந்தோ இருந்து, அதில் தொடுகை தெரியவில்லை அல்லது மந்தமாகத் தெரிகிறது என்றால் ஒரு நாளும் தாமதிக்காமல் தோல் வைத்தியரைப் பார்க்க வேண்டும். தொழுநோய் இப்படித்தான் ஆரம்பிக்கிறது. முழுமையாகக் குணமாகக்கூடிய நோய் அது, மருந்தும் இலவசம். வெட்கப்பட்டு மறைத்தவர்களின் விரல்களைத்தான் அது கொண்டுபோகிறது.

பிறந்ததிலிருந்தே தலையிலும் உடலிலும் மயிர் மிக ஐதாக, பற்கள் சில முளைக்காமலோ கூராகவோ இருந்து, வெயிலில் வியர்க்காமல் உடம்பு கொதிக்கும் பிள்ளைக்கு, மயிர், பல், வியர்வைச் சுரப்பி மூன்றையும் ஒருங்கே பாதிக்கும் பரம்பரைக் குறைபாடு இருக்கக்கூடும். சிந்து மாகாணத்தில் நான்கு தலைமுறைகளாகப் பத்து ஆண்கள் இப்படி இருந்த ஓர் இந்துக் குடும்பத்தைப் பற்றி டார்வின் 1875 இல் எழுதியிருக்கிறார். சித்திரை, வைகாசி வெயிலில் அத்தகைய பிள்ளையை ஈரத் துணியால் துடைத்துக் குளிர்மையாக வைத்திருப்பது உயிர் காக்கும் வேலை.

வைத்தியரிடம் போகும்போது

14 வயது முடிந்தும் விதைகள் பருக்காத ஆண் பிள்ளையையும், 13 வயது முடிந்தும் மார்பு வளர்ச்சி தொடங்காத அல்லது 15 வயதாகியும் சாமத்தியப்படாத பெண் பிள்ளையையும் வைத்தியரிடம் காட்ட வேண்டும். சாமத்தியவீடு பிந்துகிறதே என்ற கவலையில் கோயிலுக்கு நேர்த்தி வைப்பவர்கள் அதையும் வைக்கட்டும், இதையும் செய்யட்டும். உயரம் கூடி, விதை சிறுத்து, தாடி குறைந்த இளைஞர்களில் சிலருக்கு எக்ஸ் நிறமூர்த்தம் ஒன்று மேலதிகமாக இருக்கும். ஏறக்குறைய 600 ஆண்களில் ஒருவருக்கு அப்படி இருக்கிறது, பலர் திருமணமாகிப் பிள்ளை இல்லை என்று பரிசோதிக்கும் வரை அறிவதே இல்லை. பூப்பு வராத பிள்ளைக்கு மணமும் தெரியாமல் இருந்தால் அதுவும் ஒரு தடயம்: கண்ணை மூடச் சொல்லி, அப்போதுதான் இடித்த கோப்பித்தூளை மூக்கின் கீழே பிடித்துப் பாருங்கள்.

நகரத்தில் உடற்பயிற்சி நிலையங்களில் “தாடி வரும், உடம்பு ஏறும்” என்று தெஸ்தொஸ்தரோன் ஊசி பேசப்படுவதாகக் கேள்விப்படுகிறேன். வெளியிலிருந்து அந்த ஓமோன் ஏறியதும் கபச்சுரப்பி விதைகளுக்குக் கொடுக்கும் கட்டளையை நிறுத்திவிடும். விதை சுருங்கி, விந்து உற்பத்தி குறைந்து, சிலவேளை முற்றாகவே நின்றுவிடும். மடை ஒடுங்கிய பாத்திக்காகக் கிணற்றுக்குள் பவுசரால் தண்ணீர் ஊற்றுவது போன்ற வேலை இது.

தனியார் மருத்துவமனைக்குத்தான் போக வேண்டும் என்றில்லை. குடும்ப வைத்தியரிடமோ, யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலை வெளிநோயாளர் பிரிவிலோ விடயத்தைச் சொன்னால் உரிய கிளினிக்குக்கு அனுப்புவார்கள். தெஸ்தொஸ்தரோன் அளவு காலையில் உச்சமாக இருப்பதால் அதற்கான குருதியைக் காலையிலேயே கொடுக்க வேண்டும். பாவிக்கும் மருந்துகளின் பெயர்களையும், மயிர் குறையத் தொடங்கிய காலத்தையும் தாளில் எழுதி எடுத்துச் செல்லுங்கள். பிந்திய பூப்பு என்றால் இடது மணிக்கட்டை எக்ஸ்ரே எடுத்து எலும்பின் வயதைப் பார்ப்பார்கள். எலும்பு பிள்ளையின் வயதுக்குப் பின்தங்கியிருந்தால் பெரும்பாலும் சில மாதங்கள் பொறுத்துப் பார்க்கவே சொல்வார்கள், ஏனென்றால் இப்படிப் பிந்தி வளர்வது குடும்பங்களில் ஓடுகிறது. தகப்பனார் முதன்முதல் முகம் மழித்தது எத்தனை வயதில் என்று கேட்டு அதையும் அந்தத் தாளிலேயே எழுதிக்கொண்டு போங்கள். வைத்தியர் அதைக் கேட்பார்.